பதினேழாம் பக்கம் நான் எழுதினது

பேசாலைச் சேமக்காலையில வேம்புக்குக் கீழ குழிக்குள்ள படுத்திருக்கிற என்ர ஆசை மனுவேல் அண்ணைக்கு,

இடக்கையால எழுதிறன். வலக்கை முழங்கைக்குக் கீழ முறிஞ்சு, பரியாரியார் பத்துப் போட்டுக் கட்டிவிட்டிருக்கிறார். எழுத்துக் கோணல்மாணலாத்தான் வரும், பேசாமல் வாசியுங்கோ. நல்ல கையால எழுதேக்கையே என்ர எழுத்தைப் பார்த்துச் சிரிச்ச ஆள்தானே நீங்கள்.

கடிதம் உங்களுக்குத்தான். ஆனால் இதை யாழ்ப்பாணத்தில அச்சடிப்பிச்சு, வாற ஞாயிற்றுக்கிழமை பூசை முடியக் கோயில் வாசலில நிண்டு ஆளுக்கு ஒண்டு குடுக்கப்போறன். ஊர் வாசிக்கட்டும். பதினொரு வருசமா இந்த ஊர் உங்களைப் 'புத்தகம் எழுதிப் பிள்ளையைச் சாக்காட்டினவன்' எண்டு சொல்லுது. பொய்! தொம்மையைச் சாக்காட்டின பக்கத்தை எழுதினது நீங்கள் இல்லை, நான். அது உங்களுக்கும் எனக்கும் மட்டும்தான் தெரிஞ்சிருந்தது. போன கிழமைதான் வேற ஆக்களுக்குச் சொன்னன். அதுக்குக் கிடைச்சதுதான் இந்த முறிஞ்ச கை.

அறியாத ஆக்களும் வாசிக்கப்போகினம் எண்டபடியால் முதலில இருந்தே சொல்லுறன். உங்களுக்குத் தெரிஞ்ச கதைதான், கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கோ.

நீங்கள் பேசாலை ஸ்டேசனில ரிக்கற் குடுக்கிற ஆள். கொழும்புக்கு எத்தினை பேரை ஏத்திவிட்டிருப்பியள்! ஆனால் ஒருநாளும் கொழும்பைக் கண்ணால கண்டதில்லை. றெயிலில ஏறினால் மதவாச்சி வரமுன்னமே தலை சுத்தி உங்களுக்குச் சத்தி வந்திடும். அதால கொழும்பை ஸ்டேசன் வாசலிலயே நிண்டு பிடிச்சனீங்கள். திரும்பி வாற சனம் ரிக்கற்றைத் தந்திட்டுப் போக ஏலாது, மறிச்சு வைச்சு விசாரணை. "டிராம் வண்டிக்கு மணியை ஆர் அடிக்கிறது? கையாலயோ காலாலயோ?" ஒருக்கா எருக்கலம்பிட்டி நானா ஒருத்தர் தலையில மூட்டையோட நிண்டு, "தம்பி, அல்லாவுக்காக என்னை விடும், காலாலதான் அடிக்கிறான்" எண்டு கத்தினது எனக்கு இப்பவும் காதில கேக்குது.

அப்பிடிச் சேர்த்த கொழும்புதான் 'பட்டணம் போன பவுலு' எண்ட புத்தகம். எங்கட பெடி பெட்டையள் பள்ளிக்கூடத்தில லண்டன் பட்டணத்துப் பனிப்புகாரைப் பாடமாக்குதுகள், பின்னேரம் றெயிலேறினால் விடிய இறங்கிற கொழும்பைப் பற்றி ஒரு வரி தெரியாது எண்டு உங்களுக்குக் கொதி. அதுதான் எழுதத் தொடங்கினியள். பேசாலைப் பெடியன் பவுலு தாயோட கொழும்புக்குப் போறான். டிராமில ஏறுறான். ஐஸ் கட்டியைத் தொட்டுப்போட்டுக் கை சுட்டுட்டுது எண்டு குழறுறான். அடுப்படியில இருந்து கேட்டுக்கொண்டு நான் விழுந்து விழுந்து சிரிச்சனான்.

பதினாறாம் பக்கத்தில புறக்கோட்டைச் சனத்துக்குள்ள பவுலுவைத் துலைச்சுப்போட்டு நீங்கள் முழிச்சுக்கொண்டிருந்தியள். ஒரு கிழமையாப் பெடியன் அதுக்குள்ளயே நிக்கிறான். எனக்குப் பொறுக்கேல்லை. "பிள்ளையைத் துலைச்சுப்போட்டுத் தேத்தண்ணி குடிக்கிறியளோ? பென்சிலைத் தாங்கோ இங்க!" எண்டு பறிச்சு, அம்மிக்குப் பக்கத்தில குந்தியிருந்து நான் எழுதினன். மடுத் திருவிழாவில பிள்ளை துலைஞ்சால் என்ன செய்யும்? கொடிமரத்தடியில போய் நிக்கும். தாய் தேப்பன் நேரா அங்கதான் வந்து பிடிக்குங்கள். நடக்கத் தொடங்கின உடனயே எங்கட பக்கத்துப் பிள்ளையளுக்குச் சொல்லிக் குடுக்கிற முறை அது. நானும் ஏழு வயசில அப்பிடி நிண்டனான், நீங்கள் வந்து காதைப் பிடிச்சு இழுத்துக்கொண்டு போனனீங்கள். கொழும்புத் துறைமுகத்திலயும் ஒரு கொடிமரம் இருக்கெண்டு சனம் சொல்லியிருந்தது. பவுலுவைக் கொண்டுபோய் அங்க நிப்பாட்டினன்.

"வழி தவறிய பிள்ளை கொடிமரத்தடியில் நின்றால் போதும். யார் ஓடினாலும் நீ ஓடாதே. அங்கே நிற்கிற பிள்ளையை ஒருவரும் ஒன்றும் செய்யமாட்டார்கள்." அதுதான் என்ர வரி. நீங்கள் வாசிச்சுப்போட்டு, "எடி மதலேன், நீதானடி எழுத்துக்காரி" எண்டியள். ஒரு எழுத்தும் மாத்தேல்லை. ஏன் அண்ணை மாத்தேல்லை? கொழும்பு தெரியாத இரண்டு விசருகள் சேர்ந்து கொழும்புக்கு வழி சொன்னமே, ஒருத்தருக்காவது ஒரு ஐமிச்சம் வந்திருக்கக் கூடாதோ?

முதல் வந்த புத்தகங்களில ஒண்டை நீங்கள் தொம்மைக்குக் குடுத்தனீங்கள். கடற்கரை வளவுச் சவிரியின்ர மூத்த மகன். பத்து வயசு. கரைவலை இழுக்கிற ஆக்களுக்கு முன்னால நிண்டு புத்தகத்தைத் தொண்டை கிழிய வாசிச்சவன், கொஞ்ச நாளில பார்க்காமலே சொல்லுவான். சவிரிக்கு எழுத்துத் தெரியாது. மகன் வாசிக்க வாசிக்க அவனுக்குப் பெருமை தாங்கேல்லை. "கருவாடு கொண்டுபோறன், இவனையும் கூட்டிக்கொண்டு போய் பவுலு கண்டதெல்லாம் காட்டிக்கொண்டு வாறன்" எண்டு உங்களிட்டைத்தான் ரிக்கற் எடுத்தவன். ஒரு முழு, ஒரு அரை.

அவங்கள் போன அண்டைக்குத் துறைமுகத்துப் பக்கம் வேலைநிறுத்தம். வேலைக்குப் போக மாட்டம் எண்ட ஆக்களுக்கும் போன ஆக்களுக்கும் அடிபாடு. இரும்புக் கம்பி, கல்லு, சோடாப் போத்தில். சவிரிக்கு என்ன நடக்குதெண்டே விளங்கேல்லை, ஆர் என்ன பாஷையில கத்துறாங்கள் எண்டும் தெரியேல்லை. ஒரு கல்லு நெத்தியில பட்டுக் கண்ணுக்குள்ள இரத்தம் வடிய, பிள்ளையின்ர கை வழுகிப்போச்சுது. துடைச்சுப்போட்டுப் பார்க்கிறான், றோட்டுக்கு அங்கால கொடிமரத்தடியில தொம்மை நிக்கிறான். "ஓடடா! கடைக்குள்ள ஓடடா!" எண்டு சவிரி கத்தியிருக்கிறான். தொம்மை தலையை ஆட்டினானாம். "ஓடக்கூடாது அப்பு! நான் இங்கதான் நிக்க வேணும்!"

அப்ப இரண்டு பக்கத்துச் சனமும் கலைபட்டு அந்த மரத்தடியாலதான் ஓடினது. கம்பியோட ஓடினவங்கள், அடிபட்டு விழுந்தெழும்பி ஓடினவங்கள், மிரண்ட மாட்டோட ஒரு வண்டில். அங்க நிண்ட கொழும்புப் பெடியள் ஒருத்தனும் மிஞ்சாமல் ஓடித் தப்பினவங்கள். சவிரி போய்ச் சேரேக்கை தொம்மையின்ர நெஞ்சு நெரிஞ்சு போய்க் கிடந்தது.

பெட்டி வந்து இறங்கினது உங்கட ஸ்டேசனில. துண்டில கையெழுத்து வைச்சு இறக்கினது நீங்கள். புத்தகம் பிள்ளையின்ர சட்டைக்குள்ள இரத்தத்தோட ஒட்டிப்போய் இருந்ததாம். சவிரியின்ர பெண்சாதி கத்தரினாள் அக்கா அதைப் பிரிச்செடுத்து வைச்சிருந்தவ. "இதில என்னதான் கிடக்கு? ஏன் என்ர பிள்ளை ஓடேல்லை?" எண்டு சவிரி ஊரில எழுத்துத் தெரிஞ்ச ஒருத்தனைக் கூப்பிட்டு வாசிப்பிச்சிருக்கிறான். பதினேழாம் பக்கத்தில அந்த வரி வந்த உடன நிப்பாட்டச் சொல்லிப்போட்டு எழும்பிப் போனானாம்.

முப்பத்தோராம் நாள் பூசை முடிஞ்ச கையோட எங்கட வீட்டுக்கு வந்தான். நல்ல மத்தியானம். பூசைக்கு உடுத்த வெள்ளை வேட்டி, கையில துடுப்பு. நீங்கள் வாசலில கதிரையில இருந்தியள். நான் அடுப்படியில பாரை மீன் வெட்டிக்கொண்டிருந்தன்.

"மனுவேல், பதினேழாம் பக்கத்தை ஆர் எழுதினது?"

நீங்கள் எழும்பினியள். அடுப்படிப் பக்கம் ஒருக்காத் திரும்பினியள். கதவு நீக்கலால நான் கண்டனான். என்ர கண்ணைப் பார்த்தியள்.

"நான்தான் சவிரி. முழுக்க நான்தான்."

முதலாவது தோளில விழுந்தது. இரண்டாவது தலையில. தேங்காய் உடையிற சத்தம் மாதிரி ஒரு சத்தம், அதை நான் எந்தப் பூசையிலயும் மறக்கேல்லை. மூண்டாவதுக்கு நீங்கள் நிலத்தில, கதிரை உடைஞ்சு உங்களுக்கு மேல. அப்பதான் எனக்குக் கால் வந்தது. மீன் கத்தியோட ஓடிவந்து சவிரியின்ர தோளில இறக்கினன். எலும்பில பட்டுக் கத்தி வளைஞ்சு போச்சு. அவன் என்னைத் திரும்பியும் பார்க்கேல்லை. உங்களைப் பார்த்து, "எழும்படா! எழும்பி ஓடடா!" எண்டு குழறி அழுதுகொண்டு நிண்டான்.

கத்தியைத் தூக்க எனக்குத் துணிவு இருந்தது அண்ணை. வாயைத் திறக்கத்தான் இல்லை. 'அண்ணை இல்லை, நான்' எண்டு சொல்ல எவ்வளவு நேரம் செல்லும்? நீங்கள் எழும்பி நிண்ட நேரத்துக்குள்ள சொல்லியிருக்கலாம். முதல் அடிக்கும் இரண்டாம் அடிக்கும் இடையிலயாவது சொல்லியிருக்கலாம். நீங்கள் ஏன் அப்பிடிச் சொன்னியள்? எனக்காகவோ? புத்தகத்தில உங்கட பேர் கிடந்தபடியாலோ? கண்ணைத் திறந்திருந்தால் கேட்டிருப்பன். இரண்டு நாள் கிடந்தும் நீங்கள் கண் திறக்கேல்லை.

கோட்டில நீதவானுக்கு முன்னால வேதப்புத்தகத்தில கையை வைச்சன். "அந்தப் புத்தகத்தை எழுதினது ஆர்?" எண்டு கேட்டினம். "என்ர அண்ணை" எண்டன். பொய்ச் சத்தியம். இப்ப வந்து பிடிக்கிறதெண்டால் பிடிக்கட்டும், நான் வீட்டிலதான் இருக்கிறன். பிள்ளையைப் பறிகுடுத்த தேப்பன் எண்டு சவிரிக்குத் தூக்கு விழேல்லை, மறியலில அடைச்சதுதான்.

ஊர் உங்களை விடேல்லை. பள்ளிக்கூட வளவில 'பவுலு' எல்லாத்தையும் குவிச்சுக் கொளுத்தினவை. உங்கட குழியில நட்ட சிலுவையை இரண்டு தரம் முறிச்சு எறிஞ்சவை. நாசமாப் போவாங்கள் எண்டு திட்டித் திட்டி நான் திருப்பி நட்டனான். திட்டேக்கை வாய் நல்லாத் திறந்தது, பார்த்தியளோ? உள்ளதைச் சொல்லத்தான் திறக்கேல்லை.

சவிரி மறியலால வந்து முதல் பெரிய வெள்ளிக்கிழமை. சிலுவை முத்தி செய்துபோட்டு நான் வெளியில வர, வாசலில நிண்டவன். மெலிஞ்சு, கிழவனாகி, இருமிக்கொண்டு. "மதலேன், உன்ர கொண்ணரை நான் மன்னிச்சிட்டன். நீயும் என்னை மன்னிச்சுக்கொள்" எண்டான். உங்களை அவன் மன்னிச்சிட்டானாம்! நான் என்ன செய்தன் தெரியுமோ? தலையை ஆட்டினன். ஆட்டிப்போட்டு வீட்டை வந்து, அடுப்புச் சாம்பலை அள்ளி முகத்தில அறைஞ்சு கொண்டன். அதுக்குப் பிறகும் மூண்டு வருசம் அவன் உயிரோட இருந்தவன். ஒரு நாளாவது போய்ச் சொன்னனோ? இல்லை.

இப்ப உங்களுக்கு ஒரு புதினமான செய்தி. யாழ்ப்பாணத்து அச்சுக்கூடக்காரர் ஒருத்தர் எங்கயோ எரியாமல் தப்பின ஒரு 'பவுலு'வைக் கண்டு, தேடிக்கொண்டு வந்தவர். திரும்ப அச்சடிக்கப் போறாராம். நான் முதல் கொழும்பைப் பார்த்துப்போட்டுச் சொல்லுறன் எண்டன். ஓம், போனனான்! மதவாச்சி தாண்டியும் எனக்குச் சத்தி வரேல்லை. டிராமில ஏறினன், காலாலதான் மணி அடிக்கிறான், நானா சொன்னது உண்மை. நீங்கள் எழுதின மாதிரி விளக்குக் கம்பங்கள் பனை உயரம் இல்லை. தென்னம்பிள்ளை உயரம்தான், புழுகிப்போட்டியள்.

பிறகு அந்தக் கொடிமரத்தடிக்குப் போனன். மூட்டை தூக்கிற ஆள் ஒருத்தன் இடிச்சு விழுத்திப்போட்டு என்னைத் தாண்டிப் போனான். எழும்பி நிண்டால் வண்டில்காரன் சவுக்கை ஓங்குறான். மடுவில அந்த மரத்தடிக்கு வாற சனம் குனிஞ்சு முகத்தைப் பார்க்கும், "ஆரின்ர பிள்ளை?" எண்டு கேக்கும். இது கப்பலுக்குக் கொடி காட்டிற மரம் அண்ணை. அங்க வந்து ஒருத்தரும் ஒரு பிள்ளையைத் தேடமாட்டினம். நான் நாள் முழுக்க நிண்டு பார்த்தன்.

திரும்பி வர, சவிரி செத்துப்போனான் எண்டிச்சினம். நெஞ்சு வருத்தம். அடக்கம் முடிஞ்ச மறுநாள் காலமை நான் அவன்ர வளவுக்குப் போனன். கத்தரினாள் அக்கா முற்றத்தில இருந்தவ. இளையவன் ராயப்பு கிழிஞ்ச வலை பொத்திக்கொண்டிருந்தான். தொம்மை போகேக்கை அவனுக்கு ஏழு வயசு, இப்ப தகப்பன்ர உடம்பு. நான் இருக்கேல்லை. நிண்ட நிலையில சொன்னன்.

"அக்கா, பதினேழாம் பக்கம் அண்ணை எழுதினது இல்லை. நான் எழுதினது. உங்கட மனுசன் கேக்கேக்கை நான் அடுப்படிக்குள்ள ஒளிஞ்சு நிண்டனான்."

ராயப்பு எழும்பினான். "அப்ப என்ர அப்பு ஆளை மாறியோ அடிச்சவர்? ஒரு குற்றமும் செய்யாதவனைக் கொலை செய்துபோட்டோ மறியல் இருந்து செத்தவர்?" பக்கத்தில கிடந்த கட்டையைத் தூக்கிக்கொண்டு வந்தான். முகத்துக்குக் குறுக்க கையைப் பிடிச்சன், கை முறிஞ்சது. திருப்பி ஓங்கினான். நான் ஓடேல்லை. கண்ணை மூடிக்கொண்டன், போதுமெண்டு இருந்தது.

அடி விழேல்லை. கத்தரினாள் அக்கா கட்டையை இரண்டு கையாலயும் பிடிச்சுத் தொங்கிக்கொண்டு நிண்டா. "போதுமடா! இந்த வீட்டில ஆம்பிளையள் தடி தூக்கினது போதும்!" எண்டு அவனை நெஞ்சில குத்தித் தள்ளினா. பிறகு என்னட்டை வந்தா. கன்னத்தில ஒரு அறை, சொண்டு கிழிஞ்சது. "இது தொம்மைக்கு." மற்றக் கன்னத்தில இன்னொண்டு. "இது மனுவேலுக்கு." நான் வாங்கிக்கொண்டன். பதினொரு வருசத்தில உங்கட பேரை மரியாதையாச் சொன்ன முதல் ஆள் அவதான் அண்ணை.

உள்ளுக்குப் போய்ப் புத்தகத்தைக் கொண்டுவந்தா. அதே புத்தகம். மூலையெல்லாம் கறுத்து, தாள் தாளோட ஒட்டி.

"வாசி" எண்டா.

"எதை அக்கா?"

"அந்தப் பக்கத்தை. என்ர மனுசன் பாதியில நிப்பாட்டிப்போட்டுது. மிச்சத்தை எனக்கு ஒருத்தரும் வாசிச்சுக் காட்டேல்லை."

கை தொங்குது, வாயெல்லாம் இரத்தம். புத்தகத்தைப் பிடிக்க ஏலாமல் நான் தடுமாற, ராயப்பு வந்து பிடிச்சான். அடிச்ச அதே கையால பிடிச்சான். நான் வாசிச்சன்.

"பவுலு அழவில்லை. கொடிமரத்தைப் பிடித்துக்கொண்டு நின்றான். எல்லோரும் ஓடினார்கள். அவன் ஓடவில்லை. அம்மா இங்கேதான் வருவாள் என்று அவனுக்குத் தெரியும். அம்மா வந்தாள். முதலில் முதுகில் இரண்டு போட்டாள். பிறகு கட்டிப்பிடித்து அழுதாள்."

"ஆர் வந்தது?" எண்டு கேட்டா.

"தாய் அக்கா."

"தேப்பன் இல்லையோ?"

"இல்லை. கதையில தாய்தான் வாறது."

அவ புத்தகத்தின்ர கறுத்த மூலையைத் தடவிப் பார்த்தா. பிறகு, "நான் போகேல்லையே" எண்டா. "கூட வாவெண்டு பிள்ளை கேட்டவன். வலை கிடக்குது, கருவாடு காயுது எண்டு நான் போகேல்லை. அப்ப பிள்ளை தகப்பனை இல்லையடி, என்னையல்லோ பார்த்துக்கொண்டு நிண்டிருக்கிறான்."

மாதாவே! அதை நான் ஒருநாளும் யோசிக்கேல்லை. நீங்கள் யோசிச்சனீங்களோ அண்ணை?

"இன்னொருக்கா வாசி" எண்டா. வாசிச்சன். இன்னொருக்கா எண்டா. அதையும் வாசிச்சன். ராயப்பு புத்தகத்தை விடாமல் பிடிச்சபடி தலையைக் குனிஞ்சு அழுதான். பரியாரியாரைக் கூட்டிக்கொண்டு வந்தவனும் அவன்தான். கை எப்பிடி முறிஞ்சதெண்டு ஊர்த் தலைமை விதானையார் கேட்டார், நான் முறைப்பாடு இல்லை எண்டு சொல்லிப்போட்டன். இதில எழுதட்டோ எண்டு ராயப்புவைக் கேட்டன். எழுதுங்கோ எண்டவன்.

நான் வெளிக்கிடேக்கை கத்தரினாள் அக்கா வளவுப் படலை வரைக்கும் வந்தா. "புதுசா அடிக்கேக்கை அந்தப் பெடியனை ஓட விடு. ஆனால் தாய் வாறதை மட்டும் வெட்டிப்போடாதை" எண்டா.

வெட்டமாட்டன் அண்ணை. உங்களுக்கும் அவவுக்கும் ஒரே வாக்குத்தான் குடுக்கிறன். முன் அட்டையில உங்கட பேர், அதை நான் அசைய விடமாட்டன். பதினேழாம் பக்கத்துக்குக் கீழ மட்டும் என்ர பேர் இருக்கும், ஆர் எழுதினதெண்டு இனி ஒருத்தரும் தடியோட வந்து கேக்கத் தேவையில்லை. புதுப் பவுலு மரத்தைப் பிடிச்சுக்கொண்டு நிக்கமாட்டான். கல்லு விழுந்த உடன ஓடுவான், கடையொண்டுக்குள்ள பூந்து சாக்குக்குப் பின்னால ஒளிப்பான். தாய் கடை கடையா ஏறி இறங்கிக் கேட்டுக்கொண்டு வருவா. நேற்று எழுதி முடிச்சிட்டன், இந்தக் கோணல் கையால. கடைசி வரியை உங்களுக்கு வாசிச்சுக் காட்டிறன்:

"ஓடு பிள்ளை. நின்றுகொண்டிருக்காதே. நீ எங்கே ஓடினாலும் அம்மா வருவாள்."

துடுப்புக்கு முன்னால உங்களைத் தனிய விட்ட உங்கட தங்கச்சி,
மதலேனாள்